வெடி வைத்த மாமாவும் வெடிக்கிற சினிமாவும்

தமிழ் சினிமா ஹீரோவுக்கும் வெடிக்கும் ஒரு பழைய ஒப்பந்தம் இருக்கிறது. பின்னால் கார் வெடிக்கும், குடோன் வெடிக்கும், பட்ஜெட் இடம் கொடுத்தால் ஒரு ஊரே வெடிக்கும். அவர் திரும்பிப் பார்க்க மாட்டார். ஸ்லோ மோஷனில் நடந்து வருவார். சட்டைக் காலர் மட்டும் லேசாக ஆடும். தியேட்டரில் விசில் பறக்கும். நானும் அடித்திருக்கிறேன், மறைப்பானேன் :-)

எங்கள் குடும்பத்தில் ஒருத்தருக்கு மட்டும் இந்த மாதிரிக் காட்சி வந்தால் சிரிப்பு வந்துவிடும். என் பெரிய மாமா, அம்மாவின் அண்ணன். "எத்தனை குழி போட்டான், எத்தனை வெடிச்சுதுன்னு எண்ணாம எப்புடிடா இவன் பாட்டுக்கு நடந்து வர்றான்?" என்று கேட்பார். அவருக்கு அது காமெடி சீன்.

மாமா கிணற்றுக்கு வெடி வைத்தவர். ஒரு இருபத்தஞ்சு வருஷம். மண்ணச்சநல்லூர், முசிறி, துறையூர்ப் பக்கம் வெட்டிய கிணறுகளில் நிறைய இடத்தில் அவர் கை பட்டிருக்கிறது. போர் போடுகிற லாரி ஊர் ஊராக வந்த பிறகு கிணறு வெட்டுகிறவர்களே குறைந்து போனார்கள். அதற்கப்புறம் கொஞ்ச நாள் கல் குவாரி. இப்போது வீட்டில் இருக்கிறார். இடது காது சுத்தமாகக் கேட்காது. "அது தொழில் குடுத்த பென்ஷன்" என்பார். வேறு பென்ஷன் எதுவும் வரவில்லை.

இந்தப் பதிவு அவரைப் பற்றி, அவர் தொழிலின் பெரிய அண்ணன்களைப் பற்றி. அதாவது பெரிய கட்டடங்களை வெடி வைத்துத் தரைமட்டமாக்குகிறவர்கள், சினிமாவுக்கு வெடி வைக்கிறவர்கள். எங்கள் வீட்டில் இப்போது நடக்கிற ஒரு பஞ்சாயத்தைப் பற்றியும். அது கடைசியில் வரும்.

*

முதலில் கிணறு.

மண்ணை வெட்டி முடித்து அடியில் பாறை தட்டியதும் மாமாவுக்கு ஆள் வரும். அந்தக் காலத்தில் ஜம்பர் கம்பியை நிறுத்தி சம்மட்டியால் அடித்து அடித்துக் குழி போடுவார்களாம். பிறகு டிராக்டரோடு கம்ப்ரசர் வந்தது. குழிக்குள் தோட்டா இறங்கும், மேலே களிமண் வைத்துக் கெட்டிப்பார்கள். எல்லோரும் மேலே ஏறிய பிறகு, திரி கொளுத்துகிறவர் கடைசியாக ஏறுவார். அவர் கயிற்றைப் பிடித்து ஏறி, ஓடிப்போய் மறைந்துகொள்கிற நேரத்தை முன்கூட்டியே கணக்குப் பண்ணித்தான் திரியை வெட்டியிருப்பார்கள்.

மறைந்துகொண்டு சும்மா இருக்க முடியாது. எண்ண வேண்டும். பதினாலு குழி போட்டிருந்தால் பதினாலு சத்தம் கேட்க வேண்டும். பதிமூன்றோடு நின்றுவிட்டால்? இரண்டு குழி ஒரே நேரத்தில் வெடித்து ஒரு சத்தமாகக் கேட்டிருக்கலாம். இல்லை, ஒன்று வெடிக்காமல் உள்ளேயே காத்துக்கொண்டிருக்கலாம். எது என்று மேலே இருக்கிறவனுக்குத் தெரியாது.

"அந்த 'இருக்கலாம்'தான் மாப்ள ஆளைக் கொல்லும்" என்பார் மாமா.

அவரோடு வேலை பார்த்தவர்களில் வெடித்ததில் அடிபட்டவர்களை விட வெடிக்காததில் அடிபட்டவர்கள்தான் அதிகமாம். கிணற்றுக்காரர் அவசரப்படுத்துவார். கூலிக்கு வந்தவர்களுக்கு அடுத்த வேலை இருக்கும். பொழுது சாயும். "சத்தம் ஒண்ணா கேட்டிருக்கும்ப்பா" என்று யாராவது சொல்லி இறங்குவார்கள். மாமா இறங்க விடமாட்டார். அதனால் அவருக்கு ஊரில் ஒரு கெட்ட பெயர் உண்டு: 'நாளைக்கு வாங்க'.

இன்னொன்று சொன்னார், அதைக் கேட்டதும் எனக்குப் புல்லரித்தது. "வெடி மொதல்ல கால்ல தெரியும். அப்புறம்தான் காதுல விழும்." நான் ஃபிசிக்ஸ் மாணவன். பாறைக்குள் அதிர்வு வினாடிக்கு சில கிலோமீட்டர் வேகத்தில் போகும், காற்றில் ஒலி 340 மீட்டர்தான் போகும் என்று பரீட்சையில் எழுதி மார்க் வாங்கியிருக்கிறேன். ஐந்தாம் வகுப்பு தாண்டாத மாமா அதை உள்ளங்காலில் படித்திருக்கிறார்.

*

இப்போது சினிமா.

சினிமா வெடியைப் பார்த்தால் ஏன் சிரிக்கிறார் என்று ஒரு நாள் உட்கார்ந்து கேட்டேன். "அது வெடி இல்ல, எரிப்பு" என்றார். அதைப் பிடித்துக்கொண்டு கொஞ்சம் படித்துப் பார்த்தேன். அவர் சொன்னது அட்சர சுத்தமாகச் சரி.

பாறையை உடைக்கிற வெடிமருந்து வெடிக்கும்போது அந்த மாற்றம் மருந்துக்குள் ஒலியை விட வேகமாக ஓடுகிறது, வினாடிக்குப் பல ஆயிரம் மீட்டர். ஒரு குழி மருந்து வெடித்து முடிய மில்லி செகண்டுக்கும் குறைவான நேரம் போதும். சினிமா கேமரா வினாடிக்கு 24 ஃபிரேம் எடுக்கிறது. அதாவது ஒரு ஃபிரேமுக்கு ஏறக்குறைய 42 மில்லி செகண்ட். நிஜ வெடியை அப்படியே எடுத்தால் ஒரு ஃபிரேமில் ஒன்றும் இருக்காது, அடுத்த ஃபிரேமில் தூசி இருக்கும். அதற்கு யார் விசில் அடிப்பார்கள்?

அதனால் சினிமாக்காரர்கள் தந்திரம் செய்கிறார்கள். கொஞ்சம் மருந்து, நிறைய பெட்ரோல் அல்லது மண்ணெண்ணெய். மருந்தின் வேலை எண்ணெயை மேலே தூக்கித் தூவுவது மட்டும்தான். தூவிய எண்ணெய் நிதானமாக எரிந்து உருண்டு திரண்டு ஆரஞ்சு நிறத்தில் எழும். கேமராவுக்கு அதுதான் வெடி.

இதற்கு உலக சாதனையே இருக்கிறது. 2015ல் வந்த 'ஸ்பெக்டர்' என்கிற ஜேம்ஸ் பாண்ட் படத்துக்காக மொராக்கோ பாலைவனத்தில் ஒரு வெடிக்காட்சி எடுத்தார்கள். ஸ்பெஷல் எஃபெக்ட்ஸ் பொறுப்பு கிறிஸ் கார்போல்ட். 8,418 லிட்டர் மண்ணெண்ணெய், 33 கிலோ வெடிமருந்து. ஏழரை வினாடிக் காட்சி. சினிமாவுக்காக நடத்திய மிகப் பெரிய வெடி என்று கின்னஸில் பதிந்தார்கள். 33 கிலோ என்கிற எண்ணை மனதில் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் தேவைப்படும்.

2023ல் 'ஓப்பன்ஹைமர்' படத்தில் அணுகுண்டையே கம்ப்யூட்டர் கிராபிக்ஸ் இல்லாமல் காட்ட வேண்டும் என்று கிறிஸ்டோபர் நோலன் அடம்பிடித்தபோதும் ஸ்காட் ஃபிஷரின் குழு செய்தது இதே வகைதான். பெட்ரோல், புரொப்பேன், பளிச்சென்ற வெளிச்சத்துக்கு அலுமினியப் பொடி, மெக்னீசியம். சின்னதைப் பக்கத்தில் வைத்து எடுத்துப் பெரிதாகக் காட்டினார்கள்.

இதை எல்லாம் மாமாவிடம் சொன்னபோது அவர் கிண்டல் பண்ணவில்லை. "பக்கத்துல ஆள் நிக்கிறான்ல, அப்ப அது பெரிய வேலைதான்" என்றார். நியாயம். பாறைக்கு வெடி வைக்கிறவன் ஆளை எல்லாம் விரட்டிவிடலாம். சினிமாக்காரனால் முடியாது. ஹீரோ ஃபிரேமுக்குள் இருந்தாக வேண்டும்.

அந்தக் கணக்கு தப்பினால் என்ன ஆகும் என்பதற்கும் சரித்திரம் இருக்கிறது. 1982 ஜூலையில் அமெரிக்காவில் 'ட்விலைட் ஸோன்' படப்பிடிப்பில் வெடி ஹெலிகாப்டரின் வாலைத் தாக்கி, அது கீழே விழுந்து, விக் மாரோ என்கிற நடிகரும் இரண்டு குழந்தைகளும் இறந்தார்கள். நமக்குப் பக்கத்தில், மைசூர் பிரீமியர் ஸ்டூடியோவில், 1989 பிப்ரவரி 8 அன்று திப்பு சுல்தான் டி.வி. தொடர் படப்பிடிப்பில் தீப்பிடித்து 62 பேர் இறந்தார்கள். நடிகரும் இயக்குநருமான சஞ்சய் கான் உடம்பெல்லாம் வெந்து மாதக் கணக்கில் ஆஸ்பத்திரியில் கிடந்தார். அந்த 62 பேரில் பெரும்பாலோர் பெயர் நமக்குத் தெரியாது. லைட் தூக்குகிறவர்கள், செட் போடுகிறவர்கள், சின்ன வேஷக்காரர்கள்.

*

சினிமாவும் நிஜ இடிப்பும் ஒன்று சேர்கிற இடமும் உண்டு. அமெரிக்காவில் மேரிலாந்தில் ஜாக் லவாஸோ என்று ஒருவர். வெட்டிய மரங்களின் அடிக்கட்டைகளை வெடி வைத்து எடுப்பதில் ஆரம்பித்தவர். பிறகு புகைபோக்கி, பிறகு கட்டடம் என்று வளர்ந்தார். பிள்ளைகளும் பேரப்பிள்ளைகளும் அதே தொழில். உயரமான கட்டடத்தைப் பக்கத்து வீட்டு ஜன்னல் உடையாமல் அதன் காலடியிலேயே உட்கார வைப்பதை ஒரு குடும்பத் தொழிலாக்கியவர்கள் அவர்கள்.

ஹாலிவுட்காரர்கள் யோசித்தார்கள். எப்படியும் இடிக்கப் போகிற கட்டடம், நாம் கேமரா வைத்தால் என்ன? 1991 அக்டோபரில் ஆர்லாண்டோ நகரின் பழைய நகர மன்றக் கட்டடத்தைத் தகர்த்ததுதான் 'லெதல் வெப்பன் 3' படத்தின் ஆரம்பக் காட்சி. 'டெமாலிஷன் மேன்' படத்துக்கு லூயிவில்லில் ஒரு பழைய கட்டடம். 'மார்ஸ் அட்டாக்ஸ்' படத்தில் விழுவது 1995 நவம்பரில் லாஸ் வேகாஸில் நிஜமாகவே தகர்த்த லேண்ட்மார்க் ஹோட்டல். 2007ல் சிகாகோவில் ஒரு பழைய மிட்டாய்க் கம்பெனிக் கட்டடத்தில் 'தி டார்க் நைட்' ஆஸ்பத்திரிக் காட்சியை எடுத்தார்கள். ஜோக்கர் ரிமோட்டைத் தட்டுவாரே, அதே.

லவாஸோ மரக்கட்டையில் ஆரம்பித்தார், எங்கள் மாமா கிணற்றில் ஆரம்பித்தார். ஆரம்பம் ஏறக்குறைய ஒன்றுதான். பாறையைத் தட்டிப் பார்த்து எங்கே நரம்பு ஓடுகிறது என்று சொல்லும் கண்ணும் காதும் மாமாவுக்கும் இருந்தன. ஆனால் லைசென்ஸ் காண்ட்ராக்டரிடம் இருந்தது, அனுபவம் மாமாவிடம் இருந்தது. வெடிபொருள் சட்டம் 1884லேயே வந்துவிட்டது. 2008 விதிகளில் வெடி வைக்கிறவருக்குத் தனியாகப் பர்மிட் வேண்டும் என்றெல்லாம் தெளிவாக இருக்கிறது. அதெல்லாம் கிணற்றுக்குள் இறங்கி வந்து சேர ரொம்ப நாள் ஆகும்.

*

தமிழ்நாட்டில் பெரிய கட்டடத்தை வெடி வைத்துத் தகர்த்தது என்றால் எல்லோருக்கும் மௌலிவாக்கம் ஞாபகம் வரும். 2014 ஜூன் 28 மாலை, சென்னை மௌலிவாக்கத்தில் கட்டிக்கொண்டிருந்த 11 மாடிக் கட்டடம் தானாக இடிந்து விழுந்து 61 பேர் இறந்தார்கள். அவர்களில் பெரும்பாலோர் வெளியூரிலிருந்து வந்த கட்டடத் தொழிலாளர்கள். பக்கத்தில் அதன் ஜோடிக் கட்டடம் நின்றுகொண்டிருந்தது. அதையும் விட்டுவைக்க முடியாது என்று முடிவாகி, 2016 நவம்பர் 2 அன்று திருப்பூரைச் சேர்ந்த ஒரு நிறுவனம் வெடி வைத்துத் தகர்த்தது. மதியம் என்று சொன்னது தள்ளித் தள்ளிப் போய், இருட்டிய பிறகுதான் நடந்தது. சில வினாடிகள்தான். அப்படியே உட்கார்ந்தது. டி.வி.யில் திரும்பத் திரும்பப் போட்டார்கள்.

நான் அப்போது ஆறாம் வகுப்பு. மாமா வீட்டில்தான் பார்த்தேன். எல்லா சேனலும் "ஏன் தாமதம்" என்று கத்திக்கொண்டிருந்தபோது மாமா மட்டும் திருப்தியாக இருந்தார். "சந்தேகம் வந்திருக்கு, நிறுத்திப் பாத்திருக்கான். அவன் தொழிலாளி."

அதற்குச் சரியாக 29 நாள் கழித்து, 2016 டிசம்பர் 1 அன்று காலை, துறையூர் பக்கம் முருங்கப்பட்டியில் ஒரு வெடிமருந்துத் தொழிற்சாலையில் வெடி விபத்து. ஏறக்குறைய இருபது பேர் இறந்தார்கள். கட்டடமே இல்லாமல் போனது. உடல் என்று சொல்லி எடுத்துக்கொடுக்க முடியாத நிலை. மரபணுச் சோதனை வரை போனது.

மௌலிவாக்கத்தைக் கைதட்டிப் பார்த்தோம். அந்த மாதிரித் தகர்ப்புக்கும், குவாரிக்கும், கிணற்றுக்கும் போகிற மருந்தைக் கலக்குகிறவர்கள் நம் மாவட்டத்திலேயே இருந்தார்கள் என்பது அன்றைக்குத்தான் பாதிப் பேருக்குத் தெரிந்தது. அதுவும் நான்கு நாள்தான். டிசம்பர் 5 இரவு முதலமைச்சர் ஜெயலலிதா இறந்தார். பேப்பரில் வேறு எதற்கும் இடம் இல்லை. நோட்டுக்கு வேறு ஊரே வரிசையில் நின்ற சமயம் அது. முருங்கப்பட்டி உள்பக்கத்துக்குப் போய், அங்கிருந்தும் போய்விட்டது.

அந்த டிசம்பர் 1 அன்று மாமா ராத்திரி வரை யார் யாருக்கோ போன் போட்டுக்கொண்டிருந்தார். கேட்கிற காதில் போனை அழுத்திப் பிடித்துக்கொண்டு. தெரிந்தவர்கள் யாரும் இல்லை என்று உறுதியான பிறகும் அவர் சாப்பிடவில்லை. அத்தை தட்டை மூடி வைத்ததைப் பார்த்தேன்.

*

இப்போது அந்த 33 கிலோவுக்கு வருவோம்.

நொய்டா இரட்டைக் கோபுரம் தெரியும்தானே? சூப்பர்டெக் நிறுவனம் கட்டிய ஏபெக்ஸ், சேயான். விதியை மீறிக் கட்டியவை என்று பக்கத்துக் குடியிருப்புக்காரர்கள் வருஷக்கணக்கில் கோர்ட்டுக்கு நடந்தார்கள். 2014ல் அலகாபாத் உயர் நீதிமன்றம் இடிக்கச் சொன்னது. 2021 ஆகஸ்ட் 31 அன்று உச்ச நீதிமன்றம் அதையே உறுதி செய்தது. 2022 ஆகஸ்ட் 28, மதியம் இரண்டரை மணி. சுமார் 3,700 கிலோ வெடிமருந்து. தூண்களில் ஒன்பதாயிரத்துக்கும் மேற்பட்ட துளைகள். பட்டனை அழுத்தியவர் சேத்தன் தத்தா. ஏறக்குறைய 100 மீட்டர் உயரக் கட்டடங்கள் ஒன்பது வினாடியில் கீழே. மிகப் பக்கத்தில் இருந்த குடியிருப்புக் கட்டடம் ஒன்பது மீட்டர் தூரத்தில்தான். ஒரு சுற்றுச்சுவரும் சில கண்ணாடிகளும் போயின. ஆளுக்கு ஒரு கீறல் இல்லை.

சினிமாவின் உலக சாதனையை விட 112 மடங்கு வெடிமருந்து. வீடியோவைப் பாருங்கள், நெருப்பு எங்கே? தூண்களில் வரிசையாகப் பளிச் பளிச், அப்புறம் தூசி. அவ்வளவுதான்.

இங்கே கொஞ்சம் கணக்கு. (கணக்கு பிடிக்காதவர்கள் அடுத்த பத்திக்குத் தாவலாம், ஒன்றும் சொல்ல மாட்டேன்.) இரண்டு கோபுரமும் சேர்ந்து 80,000 டன் இடிபாடு என்று மதிப்பிட்டார்கள். அந்த எடை சராசரியாக 50 மீட்டர் விழுகிறது என்று வைத்தால், நிறை பெருக்கல் புவியீர்ப்பு பெருக்கல் உயரம்: ஏறக்குறைய 3,900 கோடி ஜூல். 3,700 கிலோ மருந்தை டி.என்.டி. சக்தி உள்ளதாகவே வைத்துக்கொண்டாலும் 1,550 கோடி ஜூல்தான். கட்டடத்தைத் தூள் தூளாக்கியதில் மருந்தை விடக் கட்டடத்தின் சொந்த எடைக்கே பங்கு அதிகம். 100 மீட்டரிலிருந்து ஒரு கல்லைப் போட்டால் நாலரை வினாடியில் தரைக்கு வரும். கட்டடம் எடுத்துக்கொண்டது அதைப்போல இரண்டு மடங்கு. ஆகாயத்தில் பறக்கவில்லை, அடுக்கடுக்காக மடிந்து இறங்கியிருக்கிறது.

வெடி வைக்கிறவரின் திறமை இதில்தான் இருக்கிறது. எந்தத் தூண் முதலில், எது அரை வினாடி கழித்து, எது கடைசியில் என்று வரிசைப்படுத்துவது. முதலில் போகிற பக்கம் கட்டடம் சாயும். எனவே எந்தப் பக்கம் வீடுகள் இல்லையோ அந்தப் பக்கம் முதலில். சுமை தாங்காத சுவர்களை எல்லாம் முன்னாடியே உடைத்து எடுத்துவிடுவார்கள். வெடிக்கிற தூணைக் கம்பி வலையாலும் துணியாலும் சுற்றிக் கட்டுவார்கள், சில்லு பறக்காமல். மாதக்கணக்கில் வேலை, வினாடிக்கணக்கில் முடிவு.

கேரளாவில் 2020 ஜனவரி 11, 12 தேதிகளில் மரடு அடுக்குமாடிகள் நான்கைத் தகர்த்ததும் இப்படித்தான். கடலோர ஒழுங்குமுறை விதிகளை மீறிக் கட்டியவை. காயல் ஓரத்தில், வீடுகளுக்கு நடுவில். அதில் ஆல்ஃபா செரீன் கட்டடங்களைத் தகர்த்தது ஒரு சென்னை நிறுவனம். மற்றவற்றை மும்பை நிறுவனமும் அதோடு கூட்டுச் சேர்ந்த தென்னாப்பிரிக்க நிறுவனமும். அதே கூட்டணிதான் பிறகு நொய்டாவுக்கும் வந்தது.

நொய்டா வீடியோவை என் போனில் மாமாவுக்குக் காட்டினேன். நான்கு தடவை போடச் சொன்னார். ஐந்தாவது தடவை கண்ணை மூடிக்கொண்டு, கேட்கிற காதுப் பக்கம் போனை வைத்துக்கொண்டு கேட்டார். அப்புறம் கேட்டார்: "இதுல எண்ண முடியாதே மாப்ள. அப்ப வெடிக்காதது இருந்தா எப்புடிக் கண்டுபுடிப்பான்?"

நியாயமான கேள்வி. மில்லி செகண்ட் இடைவெளியில் ஆயிரக்கணக்கில் போகும்போது காதால் எண்ண முடியாது. முன்னாடியே ஒவ்வொரு இணைப்பையும் திரும்பத் திரும்பச் சரிபார்ப்பார்கள். வெடித்த பிறகு முதலில் உள்ளே போவது வெடி வைத்தவர்கள்தான். மிச்சம் இருக்கிறதா என்று பார்த்து, ஒன்றும் இல்லை என்று அவர்கள் சொன்ன பிறகுதான் மற்றவர்களுக்கு அனுமதி. சொன்னேன். "அப்ப கடைசில ஏறுறவனும் மொதல்ல எறங்குறவனும் அவனேதான். எங்க கெணத்துல மாதிரியே" என்றார். முகத்தில் ஒரு பெருமை.

*

நான் தங்கியிருப்பது புத்தூரில், நால்ரோட்டிலிருந்து உய்யக்கொண்டான் வாய்க்கால் போகிற பக்கம். இங்கேயும் தில்லை நகரிலும் வாரத்துக்கு ஒரு பழைய வீடு போய்க்கொண்டிருக்கிறது. வெடிக்கு வேலை இல்லை. சந்தில் இரண்டு ஆட்டோ எதிரெதிரே வந்தாலே டிராஃபிக் ஜாம். முதலில் கதவு, ஜன்னல், தேக்கு உத்தரம் எல்லாம் பழைய சாமான் கடைக்குப் போகும். பிறகு நான்கு பேர் சம்மட்டியோடு மொட்டை மாடியில் ஏறி, தாங்கள் நிற்கிற தளத்தையே உடைப்பார்கள். மிச்சம் ஜே.சி.பி. எங்கள் கொள்ளிடம் பழைய பாலத்தையும் வெடி வைத்து எடுக்கவில்லை. 1928ல் கட்டியது. 2018 ஆகஸ்ட் வெள்ளத்தில் தூண்கள் சரிந்தன. மிச்சத்தைப் பிறகு இயந்திரங்களை வைத்துத்தான் உடைத்து எடுத்தார்கள்.

சம்மட்டிக்காரர்களுக்கு ஹெல்மெட் கிடையாது, காதுக்கும் மூக்குக்கும் ஒன்றும் கிடையாது. துண்டுதான். நொய்டாவில் ஒரு தூணுக்குச் சுற்றிய துணி அளவுக்குக்கூட இவர்கள் உடம்பில் பாதுகாப்பு இல்லை. கோர்ட்டும் டி.வி.யும் பார்க்கிற இடிப்பில் ஆளுக்குக் கீறல் இல்லை. யாரும் பார்க்காத இடிப்பில் கணக்கே இல்லை. விஞ்ஞானம் இரண்டுக்கும் ஒன்றுதான்.

*

சரி, பஞ்சாயத்துக்கு வருகிறேன்.

மாமாவின் மகன், என் மச்சான், மைனிங் டிப்ளமோ முடித்தவன். வெளிமாநிலத்தில் கட்டடம் தகர்க்கிற ஒரு நிறுவனத்தில் டிரெய்னியாகச் சேர அவனுக்குக் கடிதம் வந்திருக்கிறது. அவனுக்குத் தலைகால் புரியவில்லை. அத்தை அன்றைக்கே அடுப்பை அணைத்துவிட்டுப் படுத்துவிட்டார். "ஒரு ஆளு செவிடானது போதும் இந்த வீட்டுக்கு" என்பது அவர் தரப்பு. அவரிடம் என்ன பதில் சொல்ல?

கடிதம் ஆங்கிலத்தில் இருந்ததால் படித்துச் சொல்கிற வேலை எனக்கு. அத்தை சம்பளம் எவ்வளவு என்று கேட்டார். மச்சான் எந்த ஊர் என்று கேட்டான். மாமா கேட்டது: "காதுக்கு என்ன போட்டிருக்கான்?"

கடிதத்தில் காதைப் பற்றி ஒரு வரியும் இல்லை. இரண்டு தடவை படித்தேன்.

அவன் போக வேண்டும் என்பது என் கட்சி. இந்த வேலையை யாராவது செய்துதான் ஆக வேண்டும். முறையாகப் படித்தவன், விதி தெரிந்தவன், அப்பா எண்ணுவதைப் பார்த்து வளர்ந்தவன் செய்தால் நல்லது. அவன் போகாவிட்டால் அந்த இடத்தில் 'ஒண்ணா கேட்டிருக்கும்ப்பா' என்று இறங்குகிற ஒருத்தன் வருவான். அத்தையிடம் இதைச் சொன்னேன். "உங்க அம்மா உன்னை அனுப்புவாளா?" என்று கேட்டார். அம்மா பக்கத்தில்தான் இருந்தார். பதில் சொல்லவில்லை.

மாமா பக்கம் சாயவில்லை. என்னைக் கம்பெனிக்கு ஒரு மெயில் போடச் சொன்னார். அவர் சொல்லச் சொல்ல எழுதி, பிறகு ஆங்கிலமாக்கி அனுப்பினேன். மூன்றே கேள்வி. ஒன்று, காது பரிசோதனை வருஷத்துக்கு எத்தனை தடவை, செலவு யாருடையது? இரண்டு, வெடித்த பிறகு உள்ளே போய்ப் பார்க்கிறவர் யார், அவருக்கு எத்தனை வருஷ அனுபவம்? மூன்று, புதுசாகச் சேர்ந்த பையனுக்குச் சந்தேகம் வந்து 'நிறுத்துங்க' என்று சொன்னால் நிறுத்துவீர்களா?

அனுப்பும்போது எனக்கே கூச்சமாக இருந்தது. வேலைக்குச் சேருகிறவனின் அப்பா இப்படி எல்லாம் கேட்டால் வேலையே போய்விடும் என்று மச்சான் ஒரு நாள் முழுக்க என்னோடு பேசவில்லை.

பதில் மூன்றாம் நாள் வந்தது. மரியாதையாகத்தான் எழுதியிருந்தார்கள். காது பரிசோதனை வருஷத்துக்கு ஒரு தடவை, கம்பெனி செலவு. உள்ளே போய்ப் பார்ப்பது பர்மிட் உள்ள சீனியர்கள் மட்டும், டிரெய்னிக்கு அனுமதி இல்லை. மூன்றாவது கேள்விக்கு, பயிற்சியின்போது விளக்கப்படும் என்று ஒரு வரி.

அத்தை முதல் தடவையாக எழுந்து உட்கார்ந்து, "ரெண்டுக்கு ஒழுங்காத்தானே சொல்லியிருக்கான்" என்றார். மச்சான் பெட்டியைத் துடைக்க ஆரம்பித்துவிட்டான். மாமா மட்டும் அந்த வரியைத் திரும்பப் படிக்கச் சொன்னார். படித்தேன்.

"பதினாலுல பதிமூணு" என்றார்.

நேற்று ராத்திரி மூன்றாவது கேள்வியை மட்டும் திரும்ப அனுப்பியிருக்கிறோம். சேர வேண்டிய தேதிக்கு இன்னும் பன்னிரண்டு நாள் இருக்கிறது.